பிரிபடாத பாகம்

சென்னையில் அடுக்கு மாடி வீடு வாங்குகிறவர் எதை வாங்குகிறார்? கேள்வி வேடிக்கையாகத் தோன்றலாம். வீட்டைத்தான் வாங்குகிறார் என்று குழந்தைகூடச் சொல்லிவிடும். ஆனால் கிரயப் பத்திரத்தை எடுத்து வைத்துக்கொண்டு பொறுமையாகப் படிக்கிறவருக்கு விஷயம் அவ்வளவு சுலபமல்ல என்பது விளங்கும்.

இரண்டு கிரவுண்டு மனை. அதாவது 4,800 சதுர அடி. அதன்மேல் எட்டு வீடுகள். எல்லா வீடும் ஒரே அளவு என்று வைத்துக்கொண்டால், ஒவ்வொருவருக்கும் மனையில் 600 சதுர அடி பங்கு உண்டு. அந்த 600 சதுர அடி எங்கே இருக்கிறது? வாசற்படியிலா, மாடிப்படிக்கு அடியிலா, மதில் ஓரத்து வேப்ப மரத்தடியிலா? எட்டுப் பேரில் ஒருவராலும் விரல் நீட்டிக் காட்ட முடியாது. பத்திரத்தில் அதற்குப் பெயரே ‘பிரிபடாத பாகம்’ என்பதுதான். தனக்கென்று சொல்லிக்கொள்ள மிஞ்சுவது நான்கு சுவருக்குள் இருக்கும் இடம். அதிலும் ஒரு சுவரின் மறுபக்கம் அடுத்த வீட்டுக்காரருடையது. ஒருவருடைய தரை இன்னொருவருக்குக் கூரை.

பூட்டிய கதவுக்குள் தனிக் குடித்தனம் நடத்துவதாக எண்ணிக்கொண்டு எட்டுக் குடும்பங்கள் உண்மையில் ஒரு கூட்டுக் குடித்தனம் நடத்துகின்றன. பழைய கூட்டுக் குடும்பத்தில் பாட்டனார் ஒருவர் இருந்து பஞ்சாயத்துச் செய்வார்; மனம் ஒத்துவராவிட்டால் பாகம் பிரித்துக்கொள்வார்கள். இங்கே பாட்டனாரும் கிடையாது, பாகம் பிரிக்கவும் வழி இல்லை. பின் எதை நம்பி இந்தக் குடித்தனம் நடக்கிறது? ஒருவருக்கொருவர் முகம் கொடுத்துப் பேசும் வழக்கம் ஒன்றை நம்பித்தான். அது தீபாவளிக்குப் பலகாரத் தட்டு அனுப்பும் உபசாரத்தோடு முடிந்துவிடுவதாகப் பலர் நினைக்கிறார்கள். கட்டடத்தின் ஆயுளே அதில் அடங்கியிருக்கிறது என்பதைச் சென்னையின் அநுபவம் மறுபடி மறுபடி காட்டி வருகிறது.

ஒண்டுக் குடித்தனப் பெருமை

அடுக்கு மாடி வாழ்க்கையைக் குறை சொல்லக் கிளம்புகிறவர்கள் உடனே ஒண்டுக் குடித்தனத்தைப் புகழத் தொடங்கிவிடுவது வழக்கம். திருவல்லிக்கேணியிலும் மயிலாப்பூரிலும் ஒரே வாசலுக்குள் பத்துக் குடித்தனங்கள் இருந்தன. ஒரே முற்றம், ஒரே கிணறு, ஒரே குழாய். ஒரு வீட்டில் கடுகு வெடித்தால் அன்றைக்கு என்ன குழம்பு என்று பத்து வீட்டுக்கும் தெரியும். குழந்தை எந்த வீட்டில் சாப்பிட்டது, எந்த வீட்டில் தூங்கிற்று என்று தாய் தேடிக்கொண்டு போனதில்லை. இதெல்லாம் உண்மை.

ஆனால் பாதி உண்மை. அதே முற்றத்தில்தான் விடிவதற்கு முன்பே குடங்கள் வரிசையில் நின்றன. ‘குழாயடிச் சண்டை’ என்ற சொல் தமிழில் சும்மா புகுந்துவிடவில்லை. புதிதாக மணமான தம்பதி இரண்டு வார்த்தை அந்தரங்கமாகப் பேசக் கடற்கரைக்குப் போக வேண்டியிருந்தது. யார் வீட்டுக்கு யார் வந்தார்கள், எவ்வளவு நேரம் இருந்தார்கள் என்ற கணக்கு முழுவதும் வீட்டுக்கார அம்மாளிடம் இருந்தது. வேலைக்குப் போய் இருட்டிய பிறகு திரும்பும் பெண் பத்து ஜோடிக் கண்களுக்குப் பதில் சொல்ல வேண்டியிருந்தது. என்ன ஜாதி, என்ன சாப்பாடு என்று விசாரித்த பிறகுதான் பல இடங்களில் அறையே காட்டினார்கள். அந்தக் கேள்வி இன்னும் பட்டணத்தை விட்டு முழுதும் போய்விடவில்லை என்பது வெட்கப்பட வேண்டிய விஷயம்.

ஆகவே, கதவு ஒரு வரம். தாழிட்டுக்கொள்ளும் உரிமை சாமானியக் குடும்பத்துக்கும் கிடைத்தது நகர வாழ்க்கை தந்த பெரிய லாபம். அதைத் திருப்பிக் கொடு என்று யாரும் கேட்கக் கூடாது. ஆனால் கதவு என்பது திறப்பதற்கும் சேர்த்துச் செய்தது. மூடியே இருப்பதற்குத் தச்சர் எதற்கு? கொத்தனாரே போதுமே!

காரியதரிசியின் பாடு

எட்டு வீட்டுக்கும் பொதுவானவற்றைப் பட்டியல் போட்டால் ஒரு சிறு முனிசிபாலிட்டி போல இருக்கும். தரைக்கு அடியில் சம்ப், மொட்டை மாடியில் தொட்டி, இரண்டுக்கும் இடையே மோட்டார், மாடிப்படி விளக்கு, கழிவுநீர்க் குழாய், மதில், 2003-ஆம் ஆண்டு முதல் எல்லாக் கட்டடத்துக்கும் கட்டாயமாகிவிட்ட மழைநீர்ச் சேகரிப்புத் தொட்டி, காவலாளியின் சம்பளம், இரண்டு மாதத்துக்கு ஒரு முறை பொது மின்சாரக் கட்டணம்.

இத்தனையும் பார்த்துக்கொள்ளச் சங்கம் ஒன்று. சங்கத்துக்குக் காரியதரிசி ஒருவர். ஊருக்கு இளைத்தவன் பிள்ளையார் கோவில் ஆண்டி என்பார்கள். கூட்டத்தில் வாய் திறவாமல் உட்கார்ந்திருந்த ஓய்வு பெற்ற ஆசிரியரோ வங்கிக் குமாஸ்தாவோ அந்தப் பதவியில் அகப்பட்டுக்கொள்கிறார். சம்பளம் கிடையாது. சந்தா கேட்டு மாடி ஏறினால், “அடுத்த வாரம் பார்க்கலாம் சார்” என்ற பதில் பாதிக் கதவுக்குப் பின்னாலிருந்து வருகிறது. மோட்டார் நின்றுபோன காலையில் அதே வீட்டிலிருந்துதான் முதல் குரல்: “என்ன சார், இன்னும் தண்ணி ஏத்தலையா?” போதாக்குறைக்கு வாட்ஸ்அப் குழு. நேரில் மாடிப்படியில் சந்தித்தால் தலை குனிந்து போகிறவர், அதில் நடுநிசிக்கு மேல் சிங்கமாகக் கர்ஜிக்கிறார்.

சண்டைகளிலும் ஓர் ஒழுங்கு உண்டு. வண்டி நிறுத்தும் இடம், மொட்டை மாடியில் துணி உலர்த்தும் கொடி, விடியற்காலை மிருதங்கப் பயிற்சி, நாய் என்று அவை வரிசையாக வரும். இவையெல்லாம் தானே அடங்கிவிடுகிற சண்டைகள். அடங்காதது ஒன்று உண்டு, அதுதான் ஒழுக்கு.

கீழ் வீட்டுக்காரர் மேலே ஏறிப் போகிறார்.

“சார், உங்க பாத்ரூம் தண்ணி எங்க சமையல் உள்ளிலே சொட்டுது.”

“அப்படியா? எங்க வீட்டிலே ஒண்ணும் ஒழுகலையே!”

பொய் இல்லாத பதில்தான். தண்ணீர் மேல் நோக்கி ஒழுகாது அன்றோ? தன் வீட்டுத் தரையை உடைத்து, தன் பணத்தைச் செலவழித்து, அடுத்தவர் கூரையைக் காப்பாற்ற வேண்டும் என்றால் மனம் எளிதில் இணங்குவதில்லை. வார்த்தை தடிக்கிறது. இரண்டு வீடும் பேச்சை நிறுத்திக்கொள்கின்றன. மூன்று வருஷம் ஓடிவிடுகிறது. இந்த மூன்று வருஷமும் துரு தன் வேலையை நிறுத்திக்கொள்வதில்லை. ஈரம் உள்ளே இறங்கிக் கம்பியைத் தொடுகிறது. கம்பி துருப்பிடித்தால் பருக்கும். பருத்தால் கான்கிரீட்டைப் பிளந்துகொண்டு வெளியே வரும். கடற்கரைப் பட்டணத்தின் உப்புக் காற்று அதற்குத் துணை. பேச்சை நிறுத்தியவர்கள் இரண்டு பேர். பலவீனமாகும் உத்தரமோ எட்டுப் பேருக்கும் பொது.

இது வெறும் பயமுறுத்தல் என்று தள்ளிவிட வேண்டாம். 2021 டிசம்பர் 27-ஆம் தேதி திருவொற்றியூர் அரிவாக்குளத்தில், அரசு வாரியத்தின் அடுக்கு மாடிக் கட்டடம் ஒன்று 24 வீடுகளோடு இடிந்து தரைமட்டமாயிற்று. ஓர் உயிரும் போகவில்லை. விரிசலைக் கண்டு குடியிருந்தவர்கள் எச்சரிக்கப்பட்டு, கட்டடம் விழுவதற்கு முன்பே வெளியேறியிருந்தார்கள். உடைமைகள் போயின, மனிதர்கள் பிழைத்தார்கள். அன்றைக்கு ஏதேனும் ஒரு கதவைத் தட்ட மறந்திருந்தால், மறுநாள் பத்திரிகைச் செய்தி வேறு விதமாக இருந்திருக்கும். அயலாரின் பெயரும் முகமும் தெரிந்திருப்பதன் மதிப்பு எவ்வளவு என்று கணக்குக் கேட்பவர்களுக்கு இதைவிடத் தெளிவான விடை வேண்டுமா?

தண்ணீர் புகட்டிய பாடம்

சென்னைவாசிகளுக்கு இந்தப் பாடத்தை முன்பே தண்ணீர் இரண்டு முறை புகட்டியிருக்கிறது. ஒரு முறை அளவு மீறி வந்து. இன்னொரு முறை வராமலே இருந்து.

2015 டிசம்பர் முதல் வாரத்தில் அடையாறு கரை மீறியபோது கோட்டூர்புரம், ஜாபர்கான்பேட்டை, சைதாப்பேட்டை முதலிய இடங்களில் தரைத்தள வீடுகள் மூழ்கின. மின்சாரம் இல்லை, தொலைபேசியும் இல்லை. கையில் அகப்பட்ட துணிமணியோடு தரைத்தளத்துக் குடும்பங்கள் மாடிப்படி ஏறின. அதுவரை ‘இரண்டாம் மாடிக்காரர்’ என்று மட்டும் அறியப்பட்டவர் வீட்டுக் கூடத்தில் பாய் விரித்துப் படுத்தன. ஒரு குக்கர் சாதத்தை மூன்று குடும்பங்கள் பகிர்ந்து உண்டன. ஜாதி, சாப்பாட்டு விசாரணை எல்லாம் வெள்ளத்தோடு போயின. “மேல வாங்க மாமி, பார்த்து, படி வழுக்கும்” என்று கை கொடுத்தவர் எந்த ஊர், எந்தக் குலம் என்று எந்த மாமியும் கேட்கவில்லை.

2019-ஆம் ஆண்டுக் கோடையில் நேர்மாறு. பூண்டி, சோழவரம், செங்குன்றம், செம்பரம்பாக்கம் என்ற நான்கு ஏரிகளும் ஏறக்குறைய வறண்டன. ஜோலார்பேட்டையிலிருந்து ரயிலில் தண்ணீர் கொண்டுவர வேண்டியதாயிற்று. ஜூலை 12-ஆம் தேதி முதல் ரயில் 25 லட்சம் லிட்டரோடு வில்லிவாக்கம் வந்து சேர்ந்தது. அந்த மாதங்களில் லாரித் தண்ணீரை எப்படிப் பங்கிட்டுக்கொள்வது என்பதுதான் ஒவ்வொரு கட்டடத்துக்கும் சோதனை. காலையில் அரை மணி, மாலையில் அரை மணி என்று பேசி முடிவு செய்துகொண்ட இடங்களில் கஷ்டம் இருந்தது, கலகம் இல்லை. பேசும் வழக்கமே இல்லாத இடங்களில் பணம் உள்ளவர் தனியாக லாரி வரவழைத்துக்கொண்டார். மற்றவர் குடத்தோடு தெருவில் நின்றார். வானம் எல்லாருக்கும் ஒரே மாதிரிதான் பொய்த்தது. வித்தியாசம் கட்டடத்துக்குள்ளே இருந்தது.

பிறகு 2020 மார்ச்சில் ஊரடங்கு வந்தது. தொற்று கண்ட வீட்டு வாசலில் அறிவிப்பு ஒட்டினார்கள். சில இடங்களில் தகரமும் அடித்தார்கள். அந்த வாசலைக் கண்டு முகத்தைத் திருப்பிக்கொண்டு போன அயலாரும் உண்டு. கைப்பிடியில் பால் பையைத் தொங்கவிட்டு, “வேறே ஏதாவது வேணுமா அக்கா?” என்று எட்ட நின்று குரல் கொடுத்த அயலாரும் உண்டு. பிள்ளைகளைக் கடல் கடந்து அனுப்பிவிட்டுத் தனியே இருந்த முதியவர்கள் யாரை நம்பிப் பிழைத்தார்கள் என்று கேட்டால் தெரியும். உறவு விமானம் ஏற முடியாத நேரத்தில் எதிர் வீடுதான் உறவு.

ஆனால் ஆபத்து நீங்கியதும் கதவுகள் மறுபடி மூடிக்கொண்டன. வெள்ளம் வடிந்த பிறகு சுவரில் நீர் நின்ற கோடு மட்டும் மிஞ்சுவதைப் போல, அந்த நாட்களின் நினைவு மட்டும் மிஞ்சியது.

ஆறு கையெழுத்து

இப்போது வேறொரு சோதனை வந்திருக்கிறது. 1980-களில் பட்டணமெங்கும் எழும்பிய அடுக்கு மாடி வீடுகளுக்கு வயது நாற்பதை எட்டிவிட்டது. கூரைக் காரை உதிர்கிறது. முழங்கால் தேய்ந்த தம்பதிகள் லிப்டு இல்லாத மூன்றாம் மாடிக்கு மூச்சு வாங்க ஏறுகிறார்கள். மறுபுறம், 2019-ஆம் ஆண்டின் கட்டட விதிகள் சாதாரணக் கட்டடங்களுக்கு மனைப் பரப்பைப் போல் இரண்டு மடங்கு கட்ட இடம் தருகின்றன. முன்பு ஒன்றரை மடங்குதான். பழையதை இடித்துவிட்டுப் பெரிதாகக் கட்டலாம், அதிகப்படியான வீடுகளை விற்றுச் செலவை ஈடு செய்துகொள்ளலாம் என்று ஒப்பந்தக்காரர்கள் வாசலில் வந்து நிற்கிறார்கள்.

முன்பெல்லாம் ஒருவர் தலையசைக்க மறுத்தாலும் காரியம் நின்றுவிடும். 1994-ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பதிலாக 2022-இல் இயற்றப்பட்டு, 2024-இல் நடைமுறைக்கு வந்த தமிழ்நாட்டு அடுக்குமாடி உரிமைச் சட்டம் அதை மாற்றிவிட்டது. மூன்றில் இரண்டு பங்கு உரிமையாளர்கள் சம்மதித்தால் இடித்துக் கட்ட வழி உண்டு. எட்டு வீடு என்றால் ஆறு கையெழுத்து.

சட்டம் அவசியமானதே. ஒருவருடைய பிடிவாதத்துக்காக மற்றவர்கள் உத்தரம் தலையில் விழும் வரை காத்திருக்க முடியாது. ஆனால் அந்த இரண்டு கையெழுத்துப் போடாதவர்கள் யார் என்று பார்க்க வேண்டாமா?

ஒருவர் ஒழுக்குச் சண்டையில் பேச்சை நிறுத்திக்கொண்ட கீழ் வீட்டுக்காரராக இருக்கலாம். ‘என் கூரை சொட்டியபோது ஏறிட்டும் பார்க்காதவர் இப்போது என் கையெழுத்துக்கு வருகிறாரே’ என்பது அவருடைய வீம்பு. இன்னொருவர் கணவரை இழந்த எழுபத்தைந்து வயதுப் பாட்டியாக இருக்கலாம். இரண்டு மூன்று ஆண்டுகள் வேறு இடத்தில் வாடகைக்கு இருக்க வேண்டும்; திரும்பி வரும்வரை உயிர் இருக்குமோ இருக்காதோ என்பது அவருடைய பயம். பத்திரத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று படித்துச் சொல்ல ஆள் இல்லை. வீம்பையும் பயத்தையும் சட்டம் ‘சம்மதியாதவர்’ என்ற ஒரே கணக்கில்தான் எழுதிக்கொள்ளும். இரண்டும் வேறு என்று தெரிந்துகொள்ள எதிர் வீட்டுக்காரரால்தான் முடியும்.

ஊர் இரண்டுபட்டால் கூத்தாடிக்குக் கொண்டாட்டம். எட்டுப் பேரும் ஒரே குரலில் பேசும் கட்டடத்தில், எந்த மாதத்துக்குள் முடிப்பாய், வாடகை எவ்வளவு தருவாய், தாமதமானால் என்ன ஈடு என்று ஒப்பந்தக்காரரை நிறுத்திக் கேட்க முடிகிறது. ஒருவரை ஒருவர் சந்தேகிக்கும் கட்டடத்தில் அவர் ஒவ்வொரு கதவையும் தனித்தனியே தட்டி, ஒவ்வொருவரிடமும் தனித்தனி ரகசியம் பேசிக் காரியத்தை முடித்துக்கொள்கிறார். பல ஆண்டுகளாகச் சேர்த்து வைக்காத நம்பிக்கையை ஒரு மாலைக் கூட்டத்தில் தேநீரும் பிஸ்கோத்தும் கொடுத்து உண்டாக்கிவிட முடியாது.

கையெழுத்து இல்லாதவர்கள்

கையெழுத்தே கேட்கப்படாதவர்களும் இந்தக் கட்டடங்களில் இருக்கிறார்கள். வாடகைக்குக் குடியிருப்பவர் மாதா மாதம் பராமரிப்புத் தொகை கொடுக்கிறார்; சங்கக் கூட்டத்தில் அவருக்கு நாற்காலி இல்லை. உரிமையாளர் அமெரிக்காவில் இருந்துகொண்டு ஓட்டுப் போடுகிறார். சம்பில் தண்ணீர் நாறுவது வாடகைக்காரருக்கு அல்லவா தெரியும்? சட்டப்படி ஓட்டு இல்லாவிட்டாலும் கூப்பிட்டு உட்கார வைத்து ஒரு வார்த்தை கேட்பதை எந்தச் சட்டமும் தடுக்கவில்லை.

மாடிப்படியைத் துடைக்கும் பெண்மணியும் இரவெல்லாம் விழித்திருக்கும் காவலாளியும் உண்டு. சில பெரிய அடுக்ககங்களில் வீட்டு வேலைக்கு வருகிறவர்கள் லிப்டில் ஏறக் கூடாதாம், தனி லிப்டாம். அவர்கள் கை பட்ட பாத்திரத்தில் சாப்பிடலாம், அவர்கள் நின்ற லிப்டில் நிற்கக் கூடாது என்பது என்ன நியாயம்? பழைய முற்றத்துத் தீட்டு ஒன்று பொத்தானும் கண்ணாடியும் வைத்துக்கொண்டு மாடி ஏறியிருக்கிறது, அவ்வளவே. அத்தகைய அறிவிப்புப் பலகையைக் கழற்றி எறிவதற்கு மூன்றில் இரண்டு பங்கு தேவையில்லை. காரியதரிசி ஒருவருக்குத் துணிவு இருந்தால் போதும்.

செய்ய வேண்டியது பெரிய காரியம் ஒன்றும் அல்ல. வரவு செலவுக் கணக்கை மாதம் ஒரு முறை படிக்கட்டின் அருகே ஒட்டி வைத்தால் பாதிச் சந்தேகம் தீரும். ஒழுக்கு என்று ஒருவர் சொன்னவுடன் யார் செலவு என்ற விவாதத்துக்கு முன்னே, ஆளை அழைத்துப் பார்த்துவிடுவது என்று ஒரு விதி செய்துகொள்ளலாம். அதற்காகச் சந்தாவில் ஒரு சிறு தொகையைப் பழுதுபார்க்கும் நிதியாகத் தனியே ஒதுக்கலாம். காரியதரிசிப் பதவியை வருஷத்துக்கு ஒருவர் என்று சுற்றில் விட்டால், குறை சொல்லும் வாய்களில் பாதி தாமாகவே அடங்கும். தனியே இருக்கும் முதியவர் வீட்டு வாசலில் காலைப் பத்திரிகை பகல் வரை எடுக்கப்படாமல் கிடந்தால், “தாத்தா, உடம்பு எப்படி இருக்கு?” என்று கதவைத் தட்ட யாருடைய அநுமதியும் வேண்டியதில்லை.

அயலாரை நேசித்தே தீர வேண்டும் என்று யாரும் கட்டாயப்படுத்தவில்லை. எட்டுக் குடும்பமும் ஒரே பந்தியில் உட்கார்ந்து சாப்பிட வேண்டும் என்பதும் இல்லை. எட்டு வீட்டுக்காரர்களின் பெயரும், அவர்களில் யாருக்கு நெஞ்சு வலி, யாருக்குக் கண் தெரியாது என்பதும், அவசரத்துக்கு யாரிடம் சாவி இருக்கிறது என்பதும் தெரிந்திருந்தால் போதும். நேரில் பார்த்தால் பேச்சு எழ வேண்டும். பேச்சு முறிந்திருந்தால் முதலில் படி இறங்கிப் போகிறவர் தாழ்ந்துவிட்டதாக நினைக்கக் கூடாது.

பத்திரத்தில் எழுதிய 600 சதுர அடி எங்கே இருக்கிறது என்று கேட்டால் யாராலும் காட்ட முடியாதுதான். அது மற்ற ஏழு பேரின் பங்கோடு கலந்து கிடக்கிறது. அதை விற்கலாம், அடமானம் வைக்கலாம், பிள்ளைக்கு எழுதி வைக்கலாம். அந்த ஏழு பேரையும் பகைத்துக்கொண்டு அநுபவிக்க மட்டும் முடியாது.